சிமெண்ட்டுக்குக் கீழே ஒரு கீரைப்பாத்தி

1

போன வாரம் தபாலில் ஒரு படிவம் வந்தது. நான்கு பக்கம். எங்கள் மெல்பர்ன் வீட்டின் பின்னால் பத்தடி நீளம், நாலடி அகலத்தில் ஒரு கீரைப்பாத்தி இருக்கிறது. அதன் மண்ணை அள்ளி வெளியே கொட்ட வேண்டும். அதற்குத்தான் இந்தப் படிவம்.

ஊரில் இருப்பவர்கள் சிரிப்பீர்கள். நானும் சிரித்திருப்பேன். ஸ்ரீவில்லிபுத்தூரில் மண்ணைக் கொட்ட யாரையும் கேட்கத் தேவையில்லை; கொட்டிய பிறகு பக்கத்து வீட்டுக்காரர் வந்து கேட்பார், அவ்வளவுதான். இங்கே இந்த நாலு தள்ளுவண்டி மண்ணுக்காக நகராட்சிக்குப் பல முறை போன் செய்தேன். ஒவ்வொரு தடவையும் இசை கேட்டுக்கொண்டு காத்திருந்தேன். ஒவ்வொரு தடவையும் வேறொரு பெண் எடுத்தாள், நான் முதலிலிருந்து சொன்னேன். என் ஆங்கிலம் முப்பது வருடம் வகுப்பறையில் நின்று பேசிய ஆங்கிலம். "தங்கள் மேலான கவனத்துக்கு" என்று தொடங்கி நீளமாக ஒரு மின்னஞ்சலும் அனுப்பினேன். "நோ வொரீஸ்" என்று பதில் வந்தது. கவலை வேண்டாம் என்று எழுதிய அந்தப் பெண், அடுத்த வரியிலேயே மூன்று இணைப்புகளை வைத்திருந்தாள்.

படிவத்தில் ஆறு கேள்விகளுக்குக் கடகடவென்று எழுதிவிட்டேன். ஏழாவது கேள்வி இது: "இந்த இடம் இதற்கு முன் எதற்காகப் பயன்பட்டது? அதை மாற்றும்படி உங்களுக்குச் சொன்னது யார்?"

அவர்கள் கேட்டது மெல்பர்ன் பாத்தியைப் பற்றி. எனக்கு நினைவு வந்தது வேறொரு பாத்தி. பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.

2

போன ஆகஸ்டில் நாங்கள் இங்கே வந்து பத்து வருடம் நிறைந்தது. என் மகன் குமார் கேக் வாங்கி வந்தான். பேத்தி மாயா, ஒன்பது வயது, மெழுகுவர்த்தி ஏற்றினாள். "அம்மா, பத்து வருசம் ஆச்சு. ஒனக்கு என்ன வேணும், சொல்லு" என்று குமார் கேட்டான்.

என் மனைவி கோமதி கேக்கைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "எனக்கு என்ன வேணும். பின்னாடி ஒரு கீரைப்பாத்தி போட்டுக் குடு, போதும்."

குமார் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் கீரை விதை தூவி இருபத்திரண்டு வருடம் ஆகிறது. அவளாக ஒன்றைக் கேட்டும் ஏறக்குறைய அத்தனை வருடம் ஆகிறது. "நான் போடுறேன்" என்றேன். என்னை யாரும் கேட்கவில்லை.

நாங்கள் இருக்கும் பகுதியில் மண் கறுப்பு. கோடையில் பாளம் பாளமாக வெடிக்கும். மழையில் செருப்பைப் பிடுங்கிக்கொள்ளும். ஆலங்குளம் பக்கத்துக் கரிசலேதான். கரிசல் எனக்குத் தெரியாதா என்ற தெம்பில் முதல் மழை விட்ட அன்றே மம்பட்டியை எடுத்துவிட்டேன்.

கோமதி ஜன்னலைத் திறந்தாள். "ஏங்க, சேத்துல மம்பட்டி போடாதீங்க. செத்த காயட்டும். பிடிச்சா உருண்டையாகணும், போட்டா உதிரணும். அப்பந்தான் கொத்தணும்."

"கரிசல் மண்ணப் பத்தி எனக்கே பாடம் நடத்துறியா?"

"ஒங்களுக்கு புஸ்தகக் கரிசல் தெரியும். நான் தளவாய்புரத்துக்காரி."

நான் கொத்தினேன். இரண்டு வாரத்தில் நான் புரட்டிப் போட்ட கட்டிகளெல்லாம் செங்கல்லாகக் காய்ந்தன. ஒவ்வொன்றாகச் சுத்தியலால் உடைத்தேன். எழுபத்துநாலு வயதில் கீரைக்காகக் கல் உடைத்தவன் என் வகையறாவில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

பிறகு ஜிப்சம் போட்டேன். அது சரியான காரியம். இறுகிய களிமண்ணை அது தளர்த்தும், நானும் வேதியியல் வாத்தியார்தான். பிறகு சாணி வாங்கப் போனேன். இங்கே சாணி பளபளப்பான பையில், பசு சிரிக்கும் படத்தோடு வருகிறது. பின்பக்கம் எச்சரிக்கை: முகமூடி அணிக, கையுறை அணிக, நுகராதீர். வெறுங்கையால் சாணியைக் கரைத்து வாசல் தெளித்த கோமதிக்கு நான் ஒரு முகமூடியும் வாங்கிவந்தேன். அவள் அதை வேலிக் கம்பியில் மாட்டிவிட்டுப் போனாள். இப்போதும் அங்கேதான் தொங்குகிறது.

3

இனி அந்த வேறொரு பாத்தி.

எங்கள் வீடு ஸ்ரீவில்லிபுத்தூரில், மடவார் வளாகத்தில். வீட்டுக்குப் பின்னால் கிணற்றடியை ஒட்டி ஒரு துண்டு நிலம். கோமதி கல்யாணமாகி வந்தபோது அது வெறும் சரளை. தளவாய்புரத்தில் கோடையில் கண்மாய் வற்றும்போது அவள் தம்பி முருகேசன் டிராக்டரில் கரம்பை மண் கொண்டுவந்து தட்டுவான். பட்டாளத்திலிருந்து லீவில் வந்த வருடங்களில்கூட அதைத் தவறவிட்டதில்லை. அவள் அதை வெயிலில் ஆறப்போடுவாள். ஆட்டுப்புழுக்கையை நுணுக்கிக் கலப்பாள். தண்ணீர் விட்டுக் களையை முளைக்க வைத்து, முளைத்ததைப் பிடுங்கி, மறுபடி ஆறப்போடுவாள். அடுப்புச் சாம்பலைச் சலித்துத் தூவிக் கொத்துவாள். விதையை மணலோடு கலந்து தூவி உள்ளங்கையால் தட்டுவாள். பதினெட்டு வருடம் இப்படி. அந்த மண்ணில் விரலை வைத்தால் அடிக்கணு வரை இறங்கும்.

நான் அந்தக் கீரையைத் தின்றேன். அந்த மண்ணைப் பார்த்ததில்லை.

பள்ளிக்கூடம் முடிந்த பிறகு நான் டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தேன். இராஜபாளையத்திலிருந்தெல்லாம் பிள்ளைகள் பஸ் ஏறி வந்தார்கள். முன்னறை போதவில்லை. பின்பக்கம் ஒரு தகரக் கொட்டகை போட்டு, கீழே சிமெண்ட் தரை போட்டால் நாற்பது பேர் உட்காரலாம். அதை அவளிடம் கேட்டிருக்கலாம். மாட்டேன் என்று சொல்லியிருப்பாள். அல்லது சரி என்று சொல்லிவிட்டு ஒரு மாதம் பேசாமல் இருந்திருப்பாள். இரண்டுக்கும் எனக்குத் தைரியம் இல்லை. அவள் அம்மாவுக்கு இராஜபாளையத்தில் கண் ஆபரேஷன் நடந்து, அவள் இருபது நாள் அங்கே போய் இருந்தாள். அந்த இருபது நாளில் வேலையை முடித்துவிட்டேன். பாத்தியில் அறுக்கிற பருவத்தில் சிறுகீரை நின்றது. கொத்தனார் "பிடுங்கிருவமா சார்?" என்று கேட்டார். "நேரமில்லை, மேலேயே ஜல்லியைக் கொட்டுங்க" என்றேன்.

திரும்பி வந்தவள் கொல்லைக் கதவைத் திறந்தாள். நான் ஏற்கெனவே யோசித்து வைத்திருந்ததைச் சொன்னேன்: "சானிட்டரி இன்ஸ்பெக்டர் வந்துட்டுப் போனாரு. ஈரத்துல கொசு பெருகுதாம். மூடலைன்னா நோட்டீஸ் ஒட்டிருவேன்னுட்டாரு. நான் என்ன செய்ய?"

அப்படி யாரும் வரவில்லை. யாரும் எதுவும் சொல்லவில்லை.

எங்கள் தெருக்கோடியில்தான் நகராட்சி சானிட்டரி இன்ஸ்பெக்டர் பரமசிவம் குடியிருந்தார். சாதுவான மனிதர். பொய்யை யோசித்தபோது முதலில் நினைவுக்கு வந்தவர் அவர்தான். அவர் மனைவி பேச்சியம்மாள் கோமதிக்கு உயிர்த்தோழி. கோமதி கீரை கொடுப்பாள், பேச்சியம்மாள் விதை எடுத்துக் கொடுப்பாள். அன்றிலிருந்து கோமதி அந்த வீட்டுப் பக்கம் போகவில்லை. பேச்சியம்மாள் இரண்டு தடவை வந்து வாசலில் நின்று கூப்பிட்டாள். கோமதி அடுக்களையைவிட்டு வெளியே வரவில்லை. தன் மகள் கல்யாணத்துக்கு அழைக்கப் பரமசிவம் தாம்பாளத்தோடு வந்தபோது நான்தான் பத்திரிகையை வாங்கினேன். "வீட்ல உடம்புக்கு ஏதும் சரியில்லையா சார்?" என்று மெதுவாகக் கேட்டார். "ஆமா, லேசாக் காய்ச்சல்" என்றேன். அந்த வாய்ப்பையும் விட்டேன்.

கல்யாணத்துக்கு நாங்கள் போகவில்லை.

4

மெல்பர்னுக்கு வருகிறேன்.

பாத்தி ஓரளவு பதத்துக்கு வந்தது. "சாம்பல் இருந்தா நல்லாருக்கும்" என்று கோமதி போகிறபோக்கில் சொன்னாள். எங்கள் பக்கத்தில் சாம்பல் தூவாத கீரைப்பாத்தி கிடையாது. மண்ணுக்கும் போடுவோம், அசுவினிப் பூச்சி வந்தால் இலைமேலும் போடுவோம். இந்த வீட்டில் அடுப்பே மின்சாரம். சாம்பலுக்கு எங்கே போவது?

கார் கொட்டகைக்குப் பின்னால் பழைய வேலியைப் பிரித்த கட்டைகள் கிடந்தன. நல்ல காய்ந்த பைன் கட்டைகள். குமாரும் மருமகளும் வேலைக்குப் போயிருந்தார்கள். ஒரு பழைய தகர டிரம்மில் போட்டுக் கொளுத்தினேன். மாயா பள்ளி விடுமுறையில் இருந்தாள். செல்போனில் படம் எடுத்தாள்.

தீயின் ஓரம் பச்சையாக எரிந்தது.

இந்த இடத்தை எழுதக் கூசுகிறது. முப்பது வருடம் நான் மாணவர்களுக்குச் சுடர் சோதனை காட்டியவன். பச்சைச் சுடர் என்றால் செம்பு. அதைப் பார்த்ததும் எனக்குப் பரவசம். "மாயா, பாத்தியா, பச்சைக் கலர்? இதுல செம்பு இருக்கு" என்று அந்தக் குழந்தையைப் பக்கத்தில் நிறுத்தி விளக்கினேன். காய்ந்த மரத்துக்குள் செம்பு எப்படி வந்தது, அதோடு வேறென்ன வந்திருக்கும் என்று ஒரு கணம் யோசிக்கவில்லை. விடை தெரிந்த சந்தோஷத்தில் கேள்வியை மறந்துவிட்டேன். சாம்பலைச் சலித்தேன், தூவினேன், கொத்தினேன்.

தண்டுக்கீரை விதை தூவினோம். கோமதியே தூவினாள். உள்ளங்கையால் தட்டினாள். ஆறாம் நாள் முளைத்தது. டிசம்பரில் முழங்காலுக்குக் கீழே தளதளவென்று நின்றது. காலையில் காபியைக் கையில் வைத்துக்கொண்டு அவள் பாத்தியோரம் உட்காருவதைப் பத்து வருடத்தில் முதன்முறையாகப் பார்த்தேன். இதோடு பழைய பாக்கி தீர்ந்தது என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். உண்மையைச் சொல்லாமலே தீர்த்துவிடலாம் என்று நினைத்தேன்.

5

முதல் கீரையை அறுத்த அன்று மாலை. கழுவி வடிதட்டில் வைத்திருந்தாள், பருப்பு வெந்துகொண்டிருந்தது. குமார் செருப்பைக் கழற்றாமல் அடுக்களைக்குள் வந்தான்.

"அம்மா, அந்தக் கீரைய யாராச்சும் சாப்பிட்டீங்களா?"

"இன்னும் பருப்பே வேகலடா. என்ன பறக்குற?"

மாயா அந்தப் படத்தைப் பள்ளியில் காட்டியிருக்கிறாள். ஆசிரியை பார்த்துவிட்டு, அது எந்த மரம் என்று விசாரித்து குமாருக்கு மின்னஞ்சல் அனுப்பியிருக்கிறார். அவன் கொட்டகைக்குப் பின்னால் போய் மிச்சக் கட்டை ஒன்றைக் கொண்டுவந்தான். வெட்டுமுகத்தில் வெளிர்பச்சை. செல்லரிக்காமல் இருக்கச் செம்பும் குரோமியமும் ஆர்சனிக்கும் ஏற்றிய மரம். எரித்தால் ஆர்சனிக் விஷம் சாம்பலில் தங்கிவிடும். அதைத்தான் நான் சலித்து, சலித்து, கீரைக்குப் போட்டிருக்கிறேன்.

"பச்சையா எரியுதுன்னு தெரியுதுல்ல? அதுல வேற என்ன இருக்குன்னு யோசிக்க மாட்டீங்களா? நீங்கதானப்பா கெமிஸ்ட்ரி சார்!"

மாயா என் கையைப் பிடித்துக்கொண்டு, "இட்ஸ் ஓகே தாத்தா" என்றாள். நான் அவளுக்குக் கற்றுக்கொடுத்த ஒரே பாடம், அவள் வகுப்பில் 'வீட்டில் செய்யக் கூடாதவை' பட்டியலில் சேர்ந்திருக்கிறது. டாக்டர் என்னையும் மாயாவையும் சோதித்தார், ஒன்றுமில்லை என்றார். மருமகள் என்னிடம் ஒரு வார்த்தை கடுமையாகப் பேசவில்லை. அதைவிடத் திட்டியிருக்கலாம்.

கோமதி வடிதட்டுக் கீரையை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு இறுக்கிக் கட்டினாள். வெறும் பருப்பைக் கடைந்து எல்லோருக்கும் ஊற்றினாள்.

மறுநாள் பாத்தியின்மேல் நீல நிறத் தார்ப்பாயை விரித்து நாலு மூலையிலும் செங்கல் வைத்தேன். அன்று தொடங்கியது இந்த போன் படலம். தோட்டக் குப்பை போடும் பச்சைத் தொட்டியில் போடக் கூடாது. வீட்டுக் குப்பைக்கான சிவப்புத் தொட்டியிலும் போடக் கூடாது. குப்பைக் கிடங்கில் கேட்டால், மண் பரிசோதனைச் சான்று வேண்டும் என்கிறார்கள். பரிசோதனைச் சாலையில் கேட்டால், படிவம் வேண்டும் என்கிறார்கள். கோபத்தில் பல்லைக் கடித்தேனே தவிர, அவர்கள் கேட்பது நியாயம்தான் என்று தெரியாமல் இல்லை. எரிக்கும் முன் நான் யாரையாவது ஒரு கேள்வி கேட்டிருந்தால் இவர்கள் என்னை இத்தனை கேள்வி கேட்க வேண்டியிருந்திருக்காது.

6

ஏழாவது கேள்விக்குத் திரும்புகிறேன்.

பேனாவைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தபோது கோமதி எதிரே வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். "என்னத்தக் கேட்டுருக்கான்?" என்றாள். தமிழில் சொன்னேன்.

அவள் ஒரு மாதிரி சிரித்தாள். "நல்லாருக்கு. அங்கயும் முனிசிபாலிட்டி, இங்கயும் முனிசிபாலிட்டி. நான் தூவுன கீரைய எந்த ஊருக்காரனும் திங்க விட மாட்டான் போல. அந்தப் பரமசிவம் மூஞ்சிதான் கண்ணு முன்னால வருது. படுபாவி."

இதற்கு முன் எத்தனையோ தடவை அவள் அவரை இப்படித் திட்டிக் கேட்டிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் எழுந்து வேறு அறைக்குப் போய்விடுவேன். அன்று மூட்டு வலி. எழுந்திருக்க நேரமாயிற்று. அதற்குள் வாய் திறந்துவிட்டது.

"கோமதி, அவரு வரல."

"எவரு?"

"பரமசிவம். நம்ம வீட்டுக்கு வரவும் இல்ல, மூடச் சொல்லவும் இல்ல. நோட்டீஸ் கதையெல்லாம் நான் சொன்னது. டியூஷனுக்கு எடம் வேணும்னு நானாத்தான் சிமெண்டு போட்டேன்."

வெங்காயம் உரிப்பது நின்றது. கத்துவாள் என்று எதிர்பார்த்தேன்.

"பேச்சி எத்தன தடவ வந்தா நம்ம வாசலுக்கு?" என்று கேட்டாள்.

"ரெண்டு தடவ."

"மூணு. மூணாந்தடவ நீங்க பள்ளிக்கூடம் போயிருந்தீங்க. கையில தண்டங்கீரை வெத கொண்டாந்தா. நான் 'ஒம் புருசன்ட்டயே குடு, அவரு ஆபீசுல தூவட்டும்'னு சொல்லிக் கதவச் சாத்துனேன். அழுதுக்கிட்டே போனா."

இது எனக்கு அதுவரை தெரியாது.

"மண்ணுக்காக நான் அம்புட்டு அழல" என்றாள். "மண்ணு இன்னும் ரெண்டு டிராக்டர் அடிச்சா வந்துரும்." தோலை முறத்தோடு எடுத்துக்கொண்டு எழுந்தாள். அன்று முழுக்க என்னோடு பேசவில்லை. மறுநாளும்.

7

மூன்றாம் நாள் மத்தியானம், ஊரில் அப்போது காலை, அவள் முருகேசனுக்குப் போன் போட்டு ஒரு நம்பர் வாங்கினாள். நாற்காலியை இழுத்து என் எதிரே போட்டு உட்கார்ந்து, ஸ்பீக்கரை அமுக்கினாள்.

"அலோ, பேச்சியா? நான் கோமதி பேசுறேன். வாத்தியார் வீட்டுக் கோமதி."

"ஏட்டி, உசுரோடதான் இருக்கியா?"

"இருக்கேன்."

"இம்புட்டு வருசம் கழிச்சு எதுக்குக் கூப்பிடுத? கதவச் சாத்துறதுக்கா?"

கோமதி அழத் தொடங்கிவிட்டாள். அழுதுகொண்டே, "ஒங்க வீட்டுக்காரவுக இருந்தா குடு, அவுககிட்ட ஒரு வார்த்த சொல்லணும்" என்றாள்.

"அவிய போயி ஆறு வருசம் ஆச்சே. ஒனக்குத் தெரியாதா?"

கோமதி போனை என் முன்னால் தள்ளினாள். "நீங்க சொல்லுங்க. நான் சொல்ல மாட்டேன்."

சொன்னேன். கொத்தனார், ஜல்லி, கொசு, நோட்டீஸ், எதையும் விடவில்லை. என் குரல் வகுப்பில் பாடம் சொல்கிற குரல் மாதிரியே இருந்தது. எனக்கே அருவருப்பாக இருந்தது. நான் முடித்த பிறகு பேச்சியம்மாள் மெதுவாகச் சொன்னாள்.

"அவிய கேட்டுக்கிட்டே இருந்தாக, சார். 'அந்த வீட்டம்மா என்னயப் பாத்தா மூஞ்சியத் திருப்புதே, நான் என்னட்டி செஞ்சேன்'னு. பொறவு ஒங்க வீட்டத் தாண்டிப் போகவே கூச்சப்பட்டுக்கிட்டு கோயிலச் சுத்தி ஆபீசுக்குப் போவாக. வெயிலுல. அம்புட்டு தூரம்."

"மன்னிச்சிருங்கம்மா" என்றேன்.

"போன்ல மன்னிப்புக் கேட்டா நான் என்ன சொல்ல? அந்தச் சிமெண்டு இன்னும் இருக்கா?"

"இருக்கு."

"அத ஒடைங்க. ஒடைச்சுட்டு எங்க வீட்டுக்கு வாங்க. அவிய படத்துக்கு முன்னால நின்னு இப்பம் சொன்னத அப்படியே சொல்லுங்க. மன்னிக்கிறதா வேண்டாமான்னு அப்பம் பாப்போம்." பிறகு குரல் மாறியது. "ஏட்டி கோமதி, அழுதது போதும். அங்க கீரை கெடைக்குதா, என்ன திங்கிறீங்க?"

அதற்கு மேல் அவர்கள் பேசியது என் காதுக்கானது இல்லை என்று எழுந்து போனேன்.

8

மாசியில் டிக்கெட் போட்டிருக்கிறது. படிவத்தையும் அனுப்பிவிட்டேன். ஏழாவது கேள்வியின் இரண்டாம் பகுதிக்கு, "யாரும் சொல்லவில்லை, நானாகவே செய்தேன்" என்று எழுதினேன்.

இன்று முருகேசனிடம் பேசினேன். வீட்டுச் சாவி அவனிடம்தான். தரையை உடைக்க வேண்டும் என்றதும் அவன் ஏன் என்று கேட்கவில்லை. அக்கா எல்லாம் சொல்லியிருப்பாள் போல.

"அத்தான், பட்டாளத்துல பாலத்தையே ஒடைச்சிருக்கோம். ஒங்க தரை எம்மாத்திரம்? ஒரு பிரேக்கர் மிஷின் வச்சா ஒரு நாள் வேல. ஆனா கீழ மண்ணு செத்துப்போயிருக்கும். சுண்ணாம்பு எறங்கி, கல்லா கெடக்கும்."

"தெரியும். ஒடைக்க மட்டும் செய், மாப்ள. மண்ண நான் வந்து பாத்துக்கிடுதேன். ஜிப்சம் கொஞ்சம் போட்டு..."

அடுக்களையிலிருந்து கோமதி ஓடி வந்து என் கையிலிருந்த போனைப் பிடுங்கினாள். ஐந்து நாளில் அவள் என்னைத் தொட்டது அதுதான் முதல் தடவை.

"ஏலே முருகேசா, கண்மாய்க் கரம்பை ரெண்டு டிராக்டர் சொல்லி வையி. நான் வந்து பாத்துக்கிடுதேன். இவர மம்பட்டியத் தொட விட்டுறாத."

என்னைப் பார்த்தாள்.

"தண்ணி எறைச்சு ஊத்துவாரு. அது போதும்."